ஊரைத் தேடும் விரல்கள்

நந்தனம் ஒய்.எம்.சி.ஏ. மைதானத்தில் ஜனவரி மாதம் நடக்கும் புத்தகக் காட்சியில் ஒவ்வொரு கடைக்கும் ஒரு முகப்பும் ஒரு உள்மூலையும் உண்டு. முகப்பில் அந்த ஆண்டு பேசப்படும் நாவல்கள், பரிசு பெற்றவை, மேடைப் பேச்சாளர்கள் எழுதியவை இருக்கும். உள்மூலையில், மின்விசிறிக் காற்று எட்டாத தட்டில், உப்பளத் தொழிலாளர்கள், பனையேறிகள், தறிக்காரர்கள், தேயிலைத் தோட்டத்து மனிதர்கள், ஓர் ஊரின் குளங்கள், பஞ்ச காலத்துச் சாப்பாடு என்று அன்றாட வாழ்க்கையைப் பற்றிய நூல்கள் இருக்கும். நண்பரின் கடையில் அந்தத் தட்டுக்கு எதிரே, பிரிக்காத அட்டைப்பெட்டிகளின் பக்கத்தில் எனக்கு ஒரு பிளாஸ்டிக் நாற்காலி கிடைக்கும். பில் போடுவதும் கட்டுப் பிரிப்பதும் என் வேலையில்லை. உட்கார்ந்து பார்ப்பேன். யாரிடமும் பேசுவதில்லை.

நாவல் வாங்க வருகிறவர் முதல் பக்கத்தைப் படித்துப் பார்க்கிறார். கவிதை வாங்க வருகிறவர் நடுவில் எங்கேயாவது பிரிக்கிறார். இந்த மூலைக்கு வருகிறவர்கள் செய்வது வேறு. ஆள்காட்டி விரலைப் பொருளடக்கத்தின் மேல் வைத்து, வரி வரியாகக் கீழே இறக்குகிறார்கள். அங்கே கிடைக்காவிட்டால் புத்தகத்தின் கடைசிக்குப் போகிறார்கள். அங்கும் இல்லையென்றால் கட்டைவிரலால் பக்கங்களைப் புரட்டிக்கொண்டே வருகிறார்கள். அவர்கள் தேடுவது தங்கள் ஊரை, தங்கள் தொழிலை, தங்கள் வீட்டில் யாரோ சொல்லிச்சென்ற ஒரு பெயரை.

* * *

பொங்கல் விடுமுறைக் கூட்டத்தில் ஒரு தம்பதி வந்தார்கள். அவருக்கு அறுபது தாண்டியிருக்கும். வெள்ளை அரைக்கைச் சட்டை. செருப்புக்கு மேலே தெரிந்த பாதத்தின் தோல் வெளுத்து, வெடித்து, கெட்டியாகியிருந்தது. உப்பைப் பற்றிய ஒரு நூலை எடுத்து இரண்டு கைகளாலும் விரித்தார். அந்த அம்மாள் அவர் தோளோரமாக எட்டிப் பார்த்தார்.

"நம்ம ஊரு இருக்கான்னு பாருங்க."

"பாத்துட்டுத்தான இருக்கேன்."

"முள்ளக்காடு போடலேன்னா, தூத்துக்குடின்னாவது போட்டிருப்பாங்கள்லா."

விரல் பொருளடக்கத்தில் இறங்கியது. அத்தியாயத் தலைப்புகளில் வரி இருந்தது, சடங்கு இருந்தது, பழமொழி இருந்தது. முள்ளக்காடு இல்லை. புத்தகத்தின் நடுவில் வழவழப்பான தாளில் சில படங்கள் இருந்தன. ஓர் உப்பளம், பாத்திகள், வரப்பில் தலைச்சுமைக்குத் தயாராக நிற்கும் பெண்கள். அவர் அந்தப் படத்தைக் கண்ணுக்குப் பக்கத்தில் கொண்டுபோனார்.

"இதுல உப்பு இன்னும் முழுசா வெளையல. அதுக்குள்ள பொம்பளையாளுவ எதுக்குப் பெட்டியோட நிக்காவ?"

"படம் புடிக்க நிக்கச் சொல்லியிருப்பாங்க."

அவர் தலையை ஆட்டினார். படம் எடுத்தவருக்கோ, எழுதியவருக்கோ, அச்சிட்டவருக்கோ தெரியாத ஒன்று அந்த நிமிடத்தில் சொல்லப்பட்டுவிட்டது. பாத்தியில் உப்பு எந்தப் பதத்தில் இருக்கிறது என்பதை ஒரு கறுப்பு வெள்ளைப் படத்தைப் பார்த்தே சொல்லக்கூடிய மனிதர் அந்தக் கூட்டத்தில் அவர் ஒருவராகத்தான் இருந்திருப்பார். "வீட்ல போயி மெதுவா பாப்போம்" என்று அந்த அம்மாள் புத்தகத்தை வாங்கிக்கொண்டார். முந்நூறு பக்கம் இருக்கும் அந்த நூலின் எந்த மூலையிலாவது அவர்கள் ஊர் இருந்திருக்கலாம். அதைத் தெரிந்துகொள்ள முழுவதையும் படித்தாக வேண்டும்.

உப்பைப் பற்றியும் பனையைப் பற்றியும் முழு நூல்களே எழுதலாம், அதுவும் வரலாறுதான் என்று தமிழில் நிறுவியவர்களில் ஆ. சிவசுப்பிரமணியன் முக்கியமானவர். தூத்துக்குடியில் கல்லூரி ஆசிரியராக இருந்துகொண்டு, சுற்றியிருந்த அளங்களையும் தோணித்துறையையும் பனங்காட்டையும் ஏடாகப் படித்தவர். 'உப்பிட்டவரை', 'பனைமரமே! பனைமரமே!' ஆகியவை அப்படி வந்தவை. பாளையங்கோட்டைக்காரரான தொ. பரமசிவன் 1997-இல் 'அறியப்படாத தமிழகம்' நூலில் உப்பு, உலக்கை, பல்லாங்குழி என்று வீட்டுக்குள் கிடந்தவற்றை எடுத்துவைத்துப் பேசினார். இந்த இருவரும் திறந்த வாசல் வழியாகத்தான் அந்த உப்பளத்துத் தம்பதி அன்று கடைக்குள் வந்தார்கள்.

* * *

கல்லூரிப் பிள்ளைகள் கூட்டமாக வருவார்கள், கூட்டமாகப் போவார்கள். ஒருத்தி மட்டும் பின்தங்கினாள். இலங்கை மலையகத் தோட்டங்களைப் பற்றிய நூல் அவள் கையில். தோழிகளிடம் பேசியதில் கூடலூர்ப் பக்கம் என்று தெரிந்தது.

"எங்க அப்பாயி சிலோன்ல பொறந்தது."

1964-இல் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் லால் பகதூர் சாஸ்திரியும் செய்துகொண்ட ஒப்பந்தப்படி, இலங்கையில் நாடற்றவர்களாக இருந்த இந்திய வம்சாவளியினரில் 5,25,000 பேரை இந்தியா ஏற்பது, 3,00,000 பேருக்கு இலங்கை குடியுரிமை தருவது, மீதமுள்ள 1,50,000 பேரைப் பற்றிப் பிறகு முடிவுசெய்வது என்று தீர்மானித்தார்கள். 1974-இல் அந்த மீதியையும் பாதிப் பாதியாகப் பிரித்துக்கொண்டார்கள். அப்படித் தாயகம் திரும்பியோருக்கு வேலை கொடுப்பதற்காகவே 1968 முதல் நீலகிரியில் அரசு தேயிலைத் தோட்டங்களை உருவாக்கியது. இன்று டேன்டீ என்று அழைக்கப்படுவது அதுதான். இந்த எண்களெல்லாம் அவள் கையிலிருந்த நூலிலும் கட்டாயம் இருந்திருக்கும். அவள் எண்களைத் தேடவில்லை. கைபேசியில் அம்மாவை அழைத்தாள்.

"அம்மா, அப்பாயி இருந்த தோட்டத்துப் பேரு என்னம்மா? மஸ்கெலியான்னு தெரியும். தோட்டம், தோட்டம்... தெரியலையா? அப்பாயிகிட்ட கேளு. நான் லைன்லயே இருக்கேன்."

காத்திருந்தாள். மேடைப் பேச்சு ஒலிபெருக்கியில் அதிர்ந்துகொண்டிருந்ததால் ஒரு காதைக் கையால் பொத்திக்கொண்டாள். மறுமுனையில் பெயர் சொன்னார்கள். இரண்டு முறை திருப்பிக் கேட்டு உறுதி செய்துகொண்டாள். பிறகு புத்தகத்தின் கடைசிப் பக்கங்களைத் திறந்தாள். பதிப்பகத்தின் பிற வெளியீடுகளின் விலைப்பட்டியல் இருந்தது. முன்பக்கம் போனாள். அத்தியாயங்கள் பதினொன்று; எதிலும் தோட்டத்தின் பெயர் இல்லை. பக்கங்களைப் புரட்டினாள், வேகமாக, பிறகு இன்னும் வேகமாக.

ஓரிடத்தில் விரல் நின்றது. விடியற்காலையில் தொழிலாளர்கள் வரிசையாக நின்று, அன்றைக்கு எந்த மலைக்குக் கொழுந்து பறிக்கப் போவது என்று கங்காணி பிரித்துவிடும் இடத்தைப் பற்றிய பக்கம்.

"பெரட்டுக்களம்! அப்பாயி சொல்ற பெரட்டு இதுதான்டி!"

அந்தப் பக்கத்தைப் படம் எடுத்து அம்மாவுக்கு அனுப்பினாள். கடைப்பையன் பார்த்தும் பாராததுபோல் இருந்தான். தோழிகள் வாசலிலிருந்து கூப்பிட்டார்கள். விலையைப் பார்த்தாள், பர்ஸைப் பார்த்தாள், புத்தகத்தை எடுத்த இடத்திலேயே, முதுகு தெரியும்படி, நேராக வைத்துவிட்டுப் போனாள். பாட்டியின் தோட்டம் அந்த நூலில் இருந்ததா இல்லையா என்பது அவளுக்குத் தெரியாமலே போயிற்று.

* * *

எழுபதை எட்டிய ஒருவர். கழுத்தில் கயிறு கட்டிய கண்ணாடி. தமிழ் அச்சு வரலாற்றைப் பற்றிய நூலை எடுத்தவர், உள்ளே ஒரு வரியும் படிக்காமல், பதிப்பு விவரம் உள்ள பக்கத்துக்குப் போய் அச்சகத்தின் பெயரைப் பார்த்தார். பிறகு ஒரு தாளை விளக்கு வெளிச்சத்தில் சாய்த்துப் பிடித்து, பின்பக்கத்தை விரல் நுனியால் தடவினார். எழுத்து அழுந்தியிருக்கிறதா என்று பார்க்கும் பழக்கம் அது. ஆஃப்செட் தாளில் அழுத்தம் இருக்காது என்று அவருக்குத் தெரியும். கைக்குத் தெரியவில்லை.

கடைப்பையனிடம் சொன்னார்: "பதினாலு வயசுல கேஸ் முன்னாடி நின்னேன் தம்பி. ஸ்டிக்ல அடுக்கி, கேலியில ஏத்தி, கயிறு கட்டி, ப்ரூஃப் எடுத்து... எழுபத்தெட்டுல எழுத்து மாறிச்சு பாருங்க, துதிக்கை வச்ச லை, னை எல்லாத்தையும் கேஸ்லேர்ந்து பொறுக்கி எடுத்தது நாங்கதான்."

1978-இல் தமிழக அரசு எழுத்துச் சீர்திருத்தத்தை ஏற்று ஆணையிட்டதைப் பள்ளிப் புத்தகங்களும் சொல்கின்றன. அந்த ஆணை வந்த பிறகு, அச்சுக்கூடங்களில் யாரோ ஒரு தொழிலாளி பெட்டிக்கு முன்னால் உட்கார்ந்து பழைய எழுத்துகளைப் பொறுக்கி எடுத்திருக்கிறார் என்பதை நான் அதுவரை யோசித்ததில்லை. அவர் கைகளைப் பார்த்தேன். வலது கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் பேசும்போதெல்லாம் எதையோ கிள்ளி எடுத்து வைப்பதுபோல் அசைந்துகொண்டிருந்தன.

அந்த நூலின் கடைசியில், அகர வரிசையில் பக்க எண்களோடு, பெயரடைவு இருந்தது. அவர் அதைக் கண்டுபிடித்து, நிதானமாகப் படித்தார். பதிப்பாசிரியர்கள், அச்சக உரிமையாளர்கள், பாதிரிமார்கள், பத்திரிகை ஆசிரியர்கள். தனக்கு வேலை கற்றுக்கொடுத்த ஃபோர்மேன் பெயரை இரண்டு எழுத்துகளின் கீழ் தேடினார். இனிஷியலை முன்னால் போட்டும் பின்னால் போட்டும் பார்த்தார்.

"முதலாளிங்க பேரெல்லாம் சரியா இருக்கு" என்றார். புத்தகத்தை வாங்கினார். பையில் வைப்பதற்கு முன் பக்கங்களின் ஓரம் சீராக வெட்டப்பட்டிருக்கிறதா என்று மறுபடி ஒருமுறை தடவிப் பார்த்துக்கொண்டார்.

* * *

இரவு எட்டரை மணிக்கு மேல் கூட்டம் குறையும். அந்த நேரத்தில்தான் துப்புரவுப் பணியாளர்கள் வரிசைகளுக்கு இடையே வருவார்கள். சேலைக்கு மேல் கோட் போட்ட ஒரு பெண், தரைவிரிப்பில் கிடந்த டிக்கெட்டுகளையும் காகிதக் கோப்பைகளையும் கூட்டிக்கொண்டே வந்தவர், எங்கள் கடைக்கு எதிரே நின்றார். விவசாயக் கூலிகளின் வாழ்க்கையைப் பற்றிய நூல் ஒன்று அட்டை தெரிய வைக்கப்பட்டிருந்தது. அட்டை முழுவதும் ஒரு பெண்ணின் முகம். நடவு வயலில் குனிந்தபடி, தலையை மட்டும் தூக்கி, நேராகப் பார்க்கும் முகம்.

"இந்தம்மா யாரு தம்பி?"

கடைப்பையன் புத்தகத்தைத் திருப்பினான். உள்மடிப்பைப் பார்த்தான்.

"படம் எடுத்தவரு பேரு இருக்குதுக்கா."

"அவுங்க பேரு?"

"போடலக்கா."

"கேட்டிருக்கலாமில்ல" என்றார் அவர். துடைப்பத்தை மறு கைக்கு மாற்றிக்கொண்டு அடுத்த கடைக்குப் போய்விட்டார்.

அந்த முகத்தை அதற்கு முன் பலமுறை பார்த்திருக்கிறேன். நூலைப் பாராட்டி வந்த மதிப்புரைகள் அட்டையையும் பாராட்டியிருந்தன. அந்தக் கேள்வியைக் கேட்டது அவர் ஒருவர்தான்.

* * *

ஆய்வு மாணவி ஒருத்தி. ஜோல்னாப் பையிலிருந்து ஏற்கெனவே படித்துக் கசங்கிய பிரதி ஒன்றை எடுத்து, தட்டிலிருந்த புதுப் பதிப்போடு பக்கம் பக்கமாக வைத்து ஒப்பிட்டாள்.

"அண்ணா, புதுப் பதிப்புல பக்கம் மாறிடுச்சா?"

"எழுத்த கொஞ்சம் பெருசாக்கியிருக்காங்க. மாறியிருக்கும்."

அவள் முகம் விழுந்தது. காரணம் அவளுடைய பழைய பிரதியின் கடைசி வெற்றுத்தாளில் இருந்தது. பென்சிலால், சின்னச்சின்ன எழுத்தில், இரண்டு பத்தியாகப் பிரித்து எழுதியிருந்தாள். கடன், பக்க எண்கள். கலயம், பக்க எண்கள். காய்ச்சல், சுண்ணாம்பு, தளைநார், திருமணச் செலவு, விழுந்து இறந்தவர்கள். பனையேறிகளைப் பற்றிய அந்த நூலைப் படித்து முடிப்பதற்குள் அதற்கு ஓர் அடைவையே தன் கையால் செய்து முடித்திருந்தாள். அதில் 'விழுந்து இறந்தவர்கள்' என்ற தலைப்புக்கு எதிரே மட்டும் எண்கள் அடுத்த வரிக்கும் நீண்டிருந்தன. நூலாசிரியர் அதைத் தனி அத்தியாயமாக எழுதியிருக்கவில்லை. பதநீரைப் பற்றியும் கருப்புக்கட்டியைப் பற்றியும் வரியைப் பற்றியும் பேசும்போது ஆங்காங்கே சொல்லிப்போன சாவுகளை, அந்த மாணவியின் பென்சில் ஒரே இடத்துக்குக் கொண்டுவந்திருந்தது. அந்த ஒரு வரியே ஓர் ஆய்வுக் கட்டுரைக்குப் போதுமானது.

அதே தட்டின் முன்னால் வேறொரு நாள் ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியர் ஒருவர் நின்றார். தன் ஊரைப் பற்றித் தானே எழுதித் தானே அச்சிட்ட நூலின் பிரதிகளைத் துணிப்பையில் கொண்டுவந்திருந்தார். விற்றுத் தர முடியுமா என்று தயங்கித் தயங்கிக் கேட்டார். நண்பர் வாங்கி வைத்துக்கொண்டார். அவர் போன பிறகு ஒரு பிரதியை எடுத்துப் பார்த்தேன். அச்சு சுமார். எழுத்துப் பிழைகள் இருந்தன. ஆனால் கடைசியில் பல பக்கங்களுக்கு ஒரு பட்டியல். தகவல் சொன்ன ஒவ்வொருவரின் பெயர், வயது, செய்த வேலை, குடியிருந்த தெரு. வண்ணார் தெருவிலிருந்து சிலர், மேலத் தெருவிலிருந்து சிலர், பேறுகாலம் பார்த்த கிழவி ஒருவர், குளத்து மடை திறக்கும் நீர்க்கட்டி ஒருவர். அந்த ஊர்க்காரர் யார் கையில் அந்தப் புத்தகம் கிடைத்தாலும் அவர் முதலில் திறக்கப்போவது அந்தப் பக்கங்களைத்தான்.

* * *

அந்த ஆசிரியர் செய்தது தமிழுக்குப் புதிதல்ல. நா. வானமாமலை 1964-இல் வெளியிட்ட 'தமிழர் நாட்டுப் பாடல்கள்' தொகுப்பைத் திறந்து பார்த்தால், பல பாடல்களின் அடியில் உதவியவர், சேகரித்தவர், இடம் என்று தனித்தனியாகக் குறித்திருப்பது தெரியும். வயலில் பாடியதை யாரோ ஒருவர் கேட்டு எழுதி அனுப்பினார். அவர் பெயரும் ஊரும் அச்சில் நிற்கின்றன. பாளையங்கோட்டையில் தனிப்பயிற்சிக் கல்லூரி நடத்திக்கொண்டே, 1967-இல் நெல்லை ஆய்வுக் குழுவைத் தொடங்கி, 1969 முதல் 'ஆராய்ச்சி' இதழையும் நடத்தியவர் வானமாமலை. பல்கலைக்கழக நிதியின் பின்பலம் இல்லாத முயற்சி அது. அதே பழக்கத்தை இன்றைய நாட்டார் வழக்காற்றியல் ஆய்வேடுகளில் தகவலாளர் பட்டியலாகப் பார்க்கலாம். ஆய்வேடு நூலாகும்போது, பக்கம் குறைக்க வேண்டும் என்று முதலில் வெட்டுவதும் அந்தப் பட்டியலைத்தான்.

இன்னும் பழைய சான்று தஞ்சைப் பெரிய கோயிலில் இருக்கிறது. முதலாம் ராஜராஜன் 1014 வாக்கில் அங்கே வெட்டச் செய்த நீண்ட கல்வெட்டு, சோழ நாட்டின் பல கோயில்களிலிருந்து கொண்டுவந்து கோயிலை ஒட்டிய தளிச்சேரி என்னும் குடியிருப்புகளில் குடியமர்த்தப்பட்ட 400 தளிச்சேரிப் பெண்களை வரிசைப்படுத்துகிறது. எந்தத் தளிச்சேரி, தெருவின் எந்தச் சிறகு, எத்தனையாவது வீடு, எந்த ஊர்க் கோயிலிலிருந்து வந்தவர், பெயர் என்ன என்று ஒருவர் விடாமல் சொல்கிறது. ஒவ்வொருவருக்கும் ஆண்டுக்கு 100 கலம் நெல் பங்கு. அவர்களைத் தொடர்ந்து நட்டுவர், தச்சர், தையற்காரர், குயவர், நாவிதர், துணி வெளுக்கும் ஈரங்கொல்லிகள் வருகிறார்கள். அரசனின் கட்டளையில் வந்தவர்கள் அவர்கள். விரும்பி வந்தார்களா என்று கல்வெட்டு பேசாது. ஆனால் நெல் அளக்கிற கணக்கனுக்கு ஆள் தெரிய வேண்டும் என்பதற்காகவாவது அவர்கள் ஒவ்வொருவரும் பெயரோடும் வீட்டு எண்ணோடும் கல்லில் ஏறினார்கள். ஆயிரம் ஆண்டுக்குப் பிறகு அவர்களை வீடு வீடாகப் போய்ப் பார்க்க நமக்கு முடிகிறது.

அப்படிப்பட்ட பெயர்களைத் திரட்டினால் என்ன கிடைக்கும் என்பதையும் செய்து காட்டியிருக்கிறார்கள். நொபுரு கராஷிமா, எ. சுப்பராயலு, தோரு மட்சுயி ஆகிய மூவரும் சோழர் காலக் கல்வெட்டுகளில் வரும் ஆட்பெயர்களைத் தொகுத்து அடைவாக்கி, 1978-இல் மதுரையிலிருந்து மூன்று தொகுதிகளாக வெளியிட்டார்கள். பார்வைக்கு அது வெறும் பெயர்ப் பட்டியல். அப்படிப்பட்ட பட்டியல்களைக் கொண்டு, நிலம் யார் கையிலிருந்து யார் கைக்குப் போயிற்று, எந்தப் பட்டம் எந்தக் காலத்தில் பெருகியது என்ற கேள்விகளுக்கு ஆய்வாளர்களால் எண்ணிப் பார்த்து விடை சொல்ல முடிந்தது. அரசர்களின் மெய்க்கீர்த்தியால் அறிய முடியாததைச் சாதாரண ஆட்களின் பெயர்கள் சொல்லின.

உ.வே. சாமிநாதையரும் தம் பதிப்புகளின் இறுதியில் அரும்பதங்களுக்கும் பிறவற்றுக்கும் அகராதி சேர்த்தார். சங்க நூலில் ஒரு பூவின் பெயர் எந்தெந்த இடத்தில் வருகிறது என்று அவர் புண்ணியத்தால் ஒரு நிமிடத்தில் பார்த்துவிடலாம். நூறு ஆண்டுகளுக்கு முன்னால், காகிதத் துண்டுகளை வைத்துக் கையால் செய்த வேலை அது. இலக்கியத்துக்கு அந்த மரியாதையைச் செய்த மொழி, உழைத்த மனிதர்களைப் பற்றிய நூல்களுக்கும் அதைச் செய்ய வேண்டும்.

புகழ்பெற்றவர்களுக்குப் பெயரடைவு அவ்வளவு அவசியமில்லை. அவர்களைப் பற்றி நூறு புத்தகங்கள் இருக்கும். ஒன்றில் தவறினால் இன்னொன்றில் கிடைப்பார்கள். ஒரு தோட்டத்தின் பெயரோ, ஒரு மடைகாப்பவரின் பெயரோ உலகத்தில் அச்சேறியது அந்த ஒரே நூலில், அந்த ஒரே பக்கத்தில் மட்டுமாக இருக்கலாம். அங்கே போகும் வழி இல்லாவிட்டால் அது எழுதப்பட்டும் எழுதப்படாததாகவே இருந்துவிடும்.

மைதிலி சிவராமன் தன் பாட்டி சுப்புலட்சுமியைப் பற்றி எழுதிய நூல் 2006-இல் ஆங்கிலத்தில் வந்தது. பாட்டி விட்டுச்சென்ற பெட்டிக்குள் இருந்த நாட்குறிப்புத் துண்டுகள், கடிதங்கள், வாசித்த நூல்களின் பட்டியல் ஆகியவற்றிலிருந்து ஒரு வாழ்க்கையை அவர் எழுப்பினார். எந்தப் பதவியிலும் இல்லாத ஒரு பெண், தான் படித்த புத்தகங்களின் பெயரை எழுதி வைத்திருந்த காரணத்தால்தான் அவர் மனம் எங்கெங்கே சென்றது என்று பேத்தியால் கண்டுபிடிக்க முடிந்தது. ஒரு பட்டியல் அவ்வளவு செய்யும்.

1968 டிசம்பர் 25 இரவு கீழவெண்மணியில் குடிசைக்குள் எரித்துக் கொல்லப்பட்ட 44 பேரைப் பெரும்பாலும் எண்ணிக்கையாகவே பேசுகிறோம். அங்குள்ள நினைவிடத்தில் அவர்களின் பெயர்கள் பொறிக்கப்பட்டிருக்கின்றன. ஒவ்வோர் ஆண்டும் அந்த நாளில் அங்கே போகிறவர்கள் அந்தப் பெயர்களைப் படிக்கிறார்கள். அந்தப் படுகொலையைப் பற்றிப் பேசும் எந்த நூலிலும் அந்த 44 பெயர்களும் அடைவில் தனித்தனி வரியாக வர வேண்டும்.

எல்லாப் பெயரையும் போட்டுவிட முடியாது என்பதும் உண்மை. வன்கொடுமையைச் சாட்சி சொன்னவர், கடனுக்கு அஞ்சி ஊரைவிட்டு ஓடியவர், குடும்பத்துக்குத் தெரியாமல் தன் கதையைச் சொன்ன பெண் ஆகியோரைக் காப்பது எழுதுகிறவரின் கடமை. அவர்களிடம் கேட்டு, அவர்கள் வேண்டாம் என்றால் மறைக்க வேண்டும். அப்போதும் தொழிலையும் கருவியையும் நோயையும் உணவையும் மறைக்கத் தேவையில்லை. அட்டைப் படத்துப் பெண்ணிடம் பெயரைப் போடலாமா என்று ஒரு வார்த்தை கேட்பதற்கும் எந்தத் தடையும் இல்லை.

பதிப்பாளர்கள் சொல்லும் காரணங்களை அந்த நாற்காலியில் இருந்தபடி கேட்டிருக்கிறேன். ஒரு ஃபாரம், அதாவது பதினாறு பக்கம், கூடினால் விலை கூடும். செய்ய ஆள் இல்லை. இனி எல்லாம் கணினியில் தேடிக்கொள்ளலாம். வழக்கமான கணினித் தேடல் எழுத்துக்கு எழுத்து பொருந்துவதை மட்டும் காட்டும். பாட்டி சொன்ன தாது வருஷப் பஞ்சத்தைத் தேடுகிறவருக்கு, நூலாசிரியர் 1876–78 பஞ்சம் என்று எழுதிய பக்கத்தைக் காட்டாது. சிலோன் என்று கேட்டால் இலங்கைக்குக் கூட்டிப்போகாது. அவற்றை இணைத்துக் கொடுக்க, நூலை முழுதாகப் படித்த ஒரு மனிதர் வேண்டும். படித்த மாணவர்கள் வேலை தேடி அலையும் ஊரில் அந்த மனிதர் கிடைக்காமல் போகமாட்டார். அவருக்குக் கூலி கொடுத்து, அவர் பெயரையும் நூலில் போடலாம்.

இந்தத் துறையில் எழுதுகிறவர்களிடம் ஒன்று கேட்கிறேன். தகவல் தந்தவர்களின் பட்டியலை வெட்டச் சம்மதிக்காதீர்கள். படியுங்கள், வாங்குங்கள் என்று வாசகர்களிடம் கேட்பதோடு இன்னொன்றையும் கேட்கிறேன். நீங்கள் பென்சிலால் செய்து வைத்திருக்கும் அடைவைப் படமெடுத்துப் பதிப்பகத்துக்கு அனுப்புங்கள்; படத்தில் உப்பு விளையவில்லை என்றால் அதையும் எழுதி அனுப்புங்கள். பதிப்பாளர்களே, மனிதர்களின் வாழ்க்கையைப் பற்றி நீங்கள் போட்டிருக்கும் நூல்கள் நல்ல நூல்கள். அடுத்த பதிப்பில் ஒவ்வொன்றுக்கும் பதினாறு பக்கம் கூட்டுங்கள். அதில் ஊர்களையும் தொழில்களையும் ஆட்களையும் அகர வரிசையில் போடுங்கள்.